கறுப்பு டேப்

சினிமாக்காரர்கள் அவனுக்கு மேகம் என்று பெயர் வைத்திருந்தார்கள். ஒரு சோப்பு விளம்பரத்துக்கு ஒளிப்பதிவு செய்யப் போனவன், சூரியனை மறைத்த மேகம் நகரட்டும் என்று நான்கு மணி நேரம் எல்லோரையும் உட்கார வைத்தான். நடிகையின் தலையில் நுரை காய்ந்தது. மேகம் நகர்ந்தபோது சூரியன் இறங்கிவிட்டிருந்தது. அந்தக் கம்பெனி அவனை மறுபடி கூப்பிடவில்லை. பெயர் மட்டும் ஒட்டிக்கொண்டது. அவன் அதைப் பாராட்டு என்று எடுத்துக்கொண்டான்.

அதன் பிறகு சுயாதீன இயக்குநர் ஆனான். சுயாதீனம் என்றால் யார் பேச்சையும் கேட்க வேண்டியதில்லை. யாரும் வந்து பேசவும் மாட்டார்கள். மூன்று குறும்படங்கள் எடுத்தான். மூன்றுக்கும் ஒளிப்பதிவும் இயக்கமும் அவனே. மூன்றிலும் யாராவது ஜன்னல் ஓரம் உட்கார்ந்திருப்பார்கள். முகம் பாதிதான் தெரியும். பேச மாட்டார்கள். ஒரு சிறு பத்திரிகை அவனைப் பேட்டி எடுத்தது. “முகம் போதும். வசனம் என்பது இயக்குநரின் சோம்பேறித்தனம்” என்றான். அடுத்த இதழோடு பத்திரிகை நின்றுவிட்டது. இரண்டுக்கும் சம்பந்தமில்லை.

நான்காவது படம் முழுநீளம். ஆறு வருடமாக எடுத்துக்கொண்டிருந்தான்.

படக்குழுவில் மொத்தம் மூன்று பேர். அவன் ஒருவன். ஒலிப்பதிவு அவன் மனைவி. அவள் வேலை பார்த்தது காது பரிசோதனை நிலையத்தில். வாரத்தில் ஆறு நாள் கண்ணாடி அறைக்குள் ஆட்களை உட்கார வைத்து “கேக்குதா?” என்று கேட்பாள். ஏழாவது நாள் கணவனுக்காக மைக் கம்பைப் பிடித்துக்கொண்டு நிற்பாள். வீடு ஓடியது அந்த ஆறு நாளில். படம் ஓடியது ஏழாவது நாளில்.

மூன்றாவது ஆள் கதாநாயகன். அவர் மாமனார். உண்மையான கதாநாயகன் மூன்றாம் வருடமே டிவி தொடருக்குப் போய்விட்டான். போனவன், அதுவரை எடுத்திருந்த காட்சிகளையும் சேர்த்துக் கொன்றுவிட்டான். மாமனார் எடையளவுத் துறையில் ஆய்வாளராக இருந்து ஓய்வு பெற்றவர். முப்பது வருடம் கடைக்காரர்களின் தராசைச் சந்தேகப்பட்டவர். மாப்பிள்ளை விஷயத்தில் மட்டும் அசந்துவிட்டார். ஒரு நாள் சாப்பிட உட்கார்ந்தவரின் முகத்தில் ஜன்னல் வெளிச்சம் விழுந்தது. மேகம் எதிரில் உட்கார்ந்து அவரையே பார்த்தான்.

“மாமா, தாடி வளர்க்க முடியுமா?”

மகளுக்காக வளர்த்தார். எட்டு மாதம் அரித்தது. படம் எடுக்கும் ஒவ்வொரு முறையும் வெளியூரிலிருந்து ரயிலில் வந்து போனார். ரயிலில் ஒருவர் அவரைச் சாமியார் என்று நினைத்துக் கையை நீட்டிப் பலன் கேட்டதாகச் சொன்னார். என்ன சொன்னீர்கள் என்று மகள் கேட்டாள். மாப்பிள்ளை பார்க்கும்போது ஜாக்கிரதையாக இருக்கச் சொன்னேன் என்றார்.

ஒரு கடைசிக் காட்சி பாக்கி. அதற்குக் கெடு வைத்தது மச்சான், அதாவது மனைவியின் அண்ணன். அவன் கண்காணிப்பு கேமரா விற்பவன். நகைக்கடை, பள்ளிக்கூடம், கார் நிறுத்தும் இடம் எல்லாவற்றிலும் அவன் கேமரா தொங்கியது. மாப்பிள்ளைக்கு வேலை தர அவன் எப்போதும் தயார்.

“என் கேமராவும் பகலும் ராத்திரியும் ஓடுது மாப்ள. ஒரு நாளாவது ‘கட்’ சொல்லியிருக்கேனா?”

பேசி முடிவானது இதுதான். ஒரு திரைப்பட விழாவுக்குப் படம் அனுப்பக் கடைசி நாள் முப்பதாம் தேதி, மாலை ஐந்து மணி. அதற்குள் படம் போகாவிட்டால் ஒன்றாம் தேதி மேகம் மச்சானின் கம்பெனியில் சேர வேண்டும். எங்கே கேமரா மாட்டலாம் என்று கடைகளுக்குப் போய் ஆணி அடிக்க இடம் காட்டும் வேலை. மேகம் சம்மதித்தான். மனைவி காலண்டரில் முப்பதைச் சுற்றி ஒரு வட்டம் போட்டாள்.

பத்தொன்பதாம் தேதி, ஞாயிறு. அவர்கள் குடியிருந்த மூன்றாம் மாடி வீட்டின் முன்னறையில் படப்பிடிப்பு. காட்சி எளிது. மகள் வீட்டைவிட்டுப் போய்விட்டாள். அப்பா ஜன்னல் பக்கம் உட்கார்ந்து வெளியே பார்க்கிறார். மூன்று நிமிடம். வசனம் கிடையாது என்று தனியாகச் சொல்ல வேண்டியதில்லை.

ஆரம்பத்திலேயே ஒரு சிக்கல். பதிவாகும்போது கேமராவின் முன்பக்கம் சிவப்பு விளக்கு எரியும். மாமனாரின் கண் அங்கேயே போனது.

“எடை மெஷின் லைட்டு மாதிரி இருக்கு மாப்பிள்ளை. பழக்க தோஷம். சரியா நிக்குதான்னு பாக்கத் தோணுது.”

மேகம் சிவப்பு விளக்கின் மேல் கறுப்பு டேப் ஒட்டினான். கேமராவுக்குள் பார்த்தாலும் பதிவாகிறதா இல்லையா என்று ஒரு மூலையில் குறி தெரியும். அந்தக் குறிகளை அவன் எப்போதோ அணைத்துவிட்டிருந்தான். சட்டகம் தூய்மையாக இருக்க வேண்டும் என்பது அவன் கொள்கை. மற்ற படங்களில் பொத்தானை அழுத்தியதும் “ரோலிங்” என்று குரல் கொடுக்க ஒரு உதவியாளர் இருப்பார். மேகத்துக்கு அது வீண் சத்தம். கேமராவின் சொந்த மைக்கையும் அணைத்தே வைத்திருந்தான். ஒலி தனித் துறை, அதில் இன்னொரு துறை மூக்கை நுழைக்கக் கூடாது என்பான். அந்தத் துறை மாமனாரின் சட்டைக்குள் மைக் ஒன்றைப் பொருத்திவிட்டு, ஒலிப்பதிவுக் கருவியைக் காலையிலேயே ஓட விட்டிருந்தது. அவள் மதியம்வரை நிறுத்த மாட்டாள். அவனுடைய ‘ஆக்‌ஷ’னிலும் ‘கட்’டிலும் அவளுக்கு நம்பிக்கை போய் வெகு நாளாகியிருந்தது.

ஏழு டேக் எடுத்தான். இரண்டாவதற்குப் பிறகு நிஜ மேகம் சூரியனை மறைத்தது. எல்லோரும் இருங்கள் என்று சொல்லிவிட்டு மொட்டை மாடிக்கு ஏறி, இடுப்பில் கை வைத்துக்கொண்டு வானத்தைப் பார்த்தபடி பதினெட்டு நிமிடம் நின்றான். பக்கத்து மாடியில் துணி காயப் போட்டவள் இவனையும் வானத்தையும் மாறி மாறிப் பார்த்துவிட்டுத் துணிகளை எடுத்துக்கொண்டு போய்விட்டாள்.

ஏழாவது டேக் முடிந்ததும் மாமனாரைக் கட்டிக்கொண்டான். இதைத்தான் மாமா இத்தனை வருஷமாகத் தேடினேன் என்றான். அவர் அவன் முதுகில் இரண்டு தட்டுத் தட்டி விடுவித்துக்கொண்டு குளியலறைக்குப் போனார். அரை மணி நேரம் கழித்து மழுங்கச் சிரைத்த முகத்தோடு வந்தார். பத்து வயது குறைந்திருந்தது. வாஷ்பேசின் அடைத்துக்கொண்டதற்கு மன்னிப்புக் கேட்டார். மாலை ரயிலில் கிளம்பினார். அந்த வாரம் அவருக்குக் கண்புரை அறுவை சிகிச்சை. ஒரு மாதம் கறுப்புக் கண்ணாடி.

மறுநாள் மதியம் மேகம் கேமரா கார்டைக் கணினியில் போட்டுப் பார்த்தான்.

முதல் துண்டில் மாமனார் தாடியைச் சொறிந்தார். இரண்டாவதில் கைகளை மேலே தூக்கிச் சோம்பல் முறித்தார். பிறகு ஒரு பெரிய கறுப்பு உருவம் சட்டகத்தை மறைத்தது. அது மேகத்தின் பின்பக்கம். ஒவ்வொரு துண்டும் அவன் கையைத் தூக்கி ‘ஆக்‌ஷன்’ சொல்லப் போகும் இடத்தில் முடிந்தது.

அவனுக்குப் புரிய ஐந்து நிமிடம் ஆனது. காலையில் சோதனைக்காக ஒருமுறை பொத்தானை அழுத்தியிருக்கிறான். நிறுத்த மறந்திருக்கிறான். அதன் பிறகு ஓடவைக்க அழுத்தியபோதெல்லாம் நின்றிருக்கிறது. நிறுத்த அழுத்தியபோதெல்லாம் ஓடியிருக்கிறது. ஏழு டேக்கும் இல்லை. இடைவேளைகள் எல்லாம் இருந்தன. குறித்த இடத்தில் குறித்த நேரம் அசையாமல் உட்கார்ந்த மாமனாரை உலகத்தில் யாருமே படம் பிடிக்கவில்லை. தாடி வாஷ்பேசின் குழாயில் இருந்தது.

மூன்றாவது துண்டு நீளமானது. பதினெட்டு நிமிடம்.

மாமனார் தனியாக உட்கார்ந்திருந்தார். சட்டை மைக்கைச் சரி செய்ய மனைவி சட்டகத்துக்குள் வந்தாள். அவளுக்குப் பின்னால் ஜன்னல். முகம் இருட்டு. ஓரம் மட்டும் வெள்ளிக் கோடு. மைக்கைத் தொட்ட அவள் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு அவர் ஏதோ சொன்னார். தாடிக்குள் உதடு அசைந்தது. அவள் நெடுநேரம் அசையாமல் நின்றாள். தோள் குலுங்கியது. சிரிக்கிறாள் என்று எடுத்துக்கொண்டான். பிறகு சுருக்கமாக ஒரு பதில் சொன்னாள். இரண்டு வார்த்தை இருக்கலாம். அவர் கையை விட்டார். அவள் கழுத்தில் கிடந்த ஹெட்ஃபோனை நேராக்கினார். அவள் போய்விட்டாள். அவர் ஜன்னல் பக்கம் திரும்பி வெளியே பார்த்தார். மேகம் நேரத்தைக் குறித்துக்கொண்டான். மூன்று நிமிடம் பத்து விநாடி.

அவனுக்குள் இருந்த ஒளிப்பதிவாளர் ஃபோகஸ் சரியாக இருப்பதைக் கவனித்தார். இயக்குநர் இப்படி ஒரு நடிப்பு ஏழு டேக்கிலும் வரவில்லை என்று ஒப்புக்கொண்டார். கணவனை அந்தப் படத்துக்கு யாரும் அமர்த்தியிருக்கவில்லை.

மாலையில் மனைவி வேலை முடிந்து வந்தாள். அவன் விஷயத்தைச் சொன்னான். எதுவுமே பதிவாகலையா என்று கேட்டாள். கட் சொன்னதெல்லாம் ஆகியிருக்கு என்றான். அவள் கணக்குப் போட்டுப் பார்ப்பதுபோல ஒரு கணம் நின்றாள். பையைத் தோளிலிருந்து இறக்காமலே மூன்றாவது துண்டை முழுக்கப் பார்த்தாள்.

“அப்பா என்னைக் கூட வந்துடச் சொன்னாரு” என்றாள். “ரெண்டு டிக்கெட் போட்டிருந்தாரு.”

இங்கே அவன் ஏதாவது சொல்லியாக வேண்டும். நல்ல இடைவெளி. எந்த நடிகனுக்கும் கிடைக்காத இடைவெளி.

“சவுண்டு லெவல் சரியா இருந்துச்சா?” என்றான்.

அவள் அவனைப் பார்த்தாள்.

“நல்லா இருந்துச்சு. துளி இரைச்சல் இல்ல.”

“அப்போ குடு. இதுதான் கடைசி சீன்.”

“குடுக்க மாட்டேன்.”

அப்போதுதான் அவனுக்கு அது தோன்றியது. நீ என்ன பதில் சொன்னாய் என்று கேட்டான்.

“லெவலைக் கேட்டுட்டு, இதை ரெண்டாவதா கேக்குறீங்க” என்றாள். பையை இறக்கி வைத்துவிட்டு வாஷ்பேசின் அடைப்பை எடுக்கப் போனாள்.

மூன்று நாள் வாதாடினான். கலை என்றான். அவள் அரிசி களைந்துகொண்டிருந்தாள். பார்வையாளர்களுக்குச் செய்ய வேண்டிய கடமை என்றான். எத்தனை பேர் என்று கேட்டாள். நான்காம் நாள் அவளே ஒரு தீர்ப்புச் சொன்னாள். படம் அவனுடையது, வைத்துக்கொள்ளலாம். ஒலி அவளுடையது, தர மாட்டாள். டைட்டிலில் அவனே அப்படித்தானே பிரித்துப் போட்டிருக்கிறான். அப்பாவிடம் போனில் கேட்டாள். கண்ணில் கட்டோடு இருந்தவர் தாராளமாகப் போட்டுக்கொள்ளச் சொன்னார். தாடி இருப்பதால் யாருக்கும் அடையாளம் தெரியாது, அதுவரை மானம் தப்பியது என்றார்.

மச்சானுக்கும் விஷயம் போய்ச் சேர்ந்தது. போன் செய்தான்.

“நம்ம கேமராவுல இந்தப் பிரச்சினையே வராது மாப்ள. அதை நிறுத்தவே முடியாது.”

மேகம் அந்தத் துண்டை நூறு தடவைக்கு மேல் பார்த்தான். மனைவியின் உதட்டைப் பார்த்தான். அது இருட்டில் இருந்தது. இருட்டை வைத்தது அவன்தான். ஜன்னல் எதிரே எந்த விளக்கும் வைக்க விடுவதில்லை. கணினியில் வெளிச்சத்தைக் கூட்டினான். அவள் முகம் இருந்த இடத்தில் சாம்பல் புள்ளிகள் கொதித்தன. மாமனாரின் முகத்திலாவது பதிலின் சாயல் தெரிகிறதா என்று தேடினான். அங்கே தாடி இருந்தது. அதை வைத்ததும் அவன்தான்.

வரலப்பா. இருக்கட்டும்பா. யோசிக்கிறேன். ஒவ்வொன்றாக அந்த அசைவின் மேல் பொருத்திப் பார்த்தான். எல்லாமே பொருந்தின. இருபத்தேழாம் தேதி காலை பல் தேய்க்கும்போது இன்னொன்று தோன்றியது. ‘படம் முடியட்டும்.’ அதுவும் பொருந்தியது. மற்றவற்றைவிட நன்றாகவே பொருந்தியது.

படம் முடிந்தால் அவள் போய்விடலாம். முடியாவிட்டால் அவள் இருப்பாள், அவன் கடைகளில் ஆணிக்கு இடம் காட்டுவான். சமையலறை வாசலில் நின்று, படம் முடிந்தால் என்ன ஆகும் என்று பொதுவாகக் கேட்டான்.

“பேர் போடணும்” என்றாள்.

முப்பதாம் தேதி மாலை நாலே முக்காலுக்கு அனுப்பிவிட்டான். இரண்டு நாள் யோசித்தேன் என்று பின்னாளில் ஒருவரிடம் சொன்னான். யோசிக்கவில்லை. விண்ணப்பத்தில் படத்தின் பெயர் என்ற இடத்தில் ‘பெயரிடப்படவில்லை’ என்று எழுதினான். விழாக் குழு அதையே பெயர் என்று எடுத்துக்கொண்டு, ஆழமான தலைப்பு என்று பதில் எழுதியது.

நான்கு மாதம் கழித்து விழா. படம் பார்த்தவர்களில் பாதிப் பேர் கடைசிவரை இருந்தார்கள். கடைசிக் காட்சியில் அப்பா பேசுகிறார், மகள் பேசுகிறாள், ஒரு சத்தமும் இல்லை. பிறகு அவர் ஜன்னல் வழியே பார்க்கிறார். விளக்குகள் எரிந்ததும் ஜோல்னாப்பை மாட்டிய விமர்சகர் ஒருவர் எழுந்து, ஒலியைத் துறக்கும் இந்தத் துணிச்சல் அண்மைக்காலத்தில் தான் காணாதது என்று ஏழு நிமிடம் பேசினார். ஒலியைத் துறந்தவன் மேடையில் அடக்கமாகத் தலையாட்டினான்.

நடுவரிசையில் ஒரு பெண் மைக்கை வாங்கினாள். “அந்த மகள் என்ன பதில் சொல்றாங்க?”

மேகம் நான்காவது வரிசையைப் பார்த்தான். மனைவி மடியில் அப்பாவின் கண்ணாடிக் கூட்டை வைத்துக்கொண்டு, அவன் பதிலுக்காக எல்லோரையும்போலக் காத்திருந்தாள்.

“முகம் போதும்” என்றான்.

கைதட்டினார்கள். அவள் தட்டவில்லை.

வெளியே வந்ததும் மாமனார் அவன் கையைப் பிடித்துக் குலுக்கினார். மழுங்கச் சிரைத்த முகம். யாருக்கும் அடையாளம் தெரியவில்லை.

“ஒரு கண்ணு ஆபரேஷன் ஆயிடுச்சு மாப்பிள்ளை. எல்லாம் பளிச்சுனு தெரியுது. உங்க படம் மட்டும் இருட்டாத்தான் இருக்கு.”

மறுநாள் காலை மனைவி அலமாரியிலிருந்து துணி எடுத்து வைத்துக்கொண்டிருந்தாள். அப்பாவின் அடுத்த கண்ணுக்கு அந்த வாரம் அறுவை சிகிச்சை. கூட ஆள் வேண்டும் என்றாள். இரண்டு பெட்டி எடுத்திருந்தாள். கண்ணுக்குச் சொட்டு மருந்து விட இரண்டு பெட்டி வேண்டியதில்லை. ஸ்வெட்டர், வேலைச் சான்றிதழ்கள் இருந்த கோப்பு, ஹெட்ஃபோன். மைக் கம்பு சுவரோரம் சாய்ந்திருந்தது. அதை எடுக்கவில்லை.

“அன்னிக்கு நீ என்ன சொன்ன?” என்றான்.

“எதுக்கு? அடுத்த படத்துக்கா?”

“இல்ல. எனக்குத் தெரியணும்.”

அவள் பெட்டியை மூடினாள். பூட்டு சரியாக விழவில்லை. மறுபடி அழுத்தினாள்.

“‘படம் முடியட்டும்’னு சொன்னேன்.”

அவன் சரியாகக் கண்டுபிடித்திருந்தான். அதில் பெருமைப்பட ஒன்றும் இல்லை என்று தெரிய ஒரு விநாடி தாமதமானது.

கீழே காரில் மாமனார் ஹாரன் அடிக்கச் சொல்லியிருக்க வேண்டும். ஒருமுறை அடித்தது. அவள் பெட்டிகளைக் கதவுப் பக்கம் நகர்த்தினாள். ஜன்னலுக்கு வெளியே வெயில் மங்கியது. அறை சாம்பல் நிறமானது. மேகம் கையைத் தூக்கினான்.

“ஒரு நிமிஷம் பொறு.”

அவள் நின்றாள். ஒன்பது வருடப் பழக்கம், கால் தானாக நின்றது.

“வெளிச்சத்துக்கா, எனக்கா?”

பொய் சொல்ல நேரம் இருந்தது. அவனுக்கு அந்தத் துறை வராது.

“ரெண்டுக்கும்” என்றான்.

அவள் சிரித்துவிட்டாள். தலை பின்னால் போனது, வாயைக் கையால் மூடிக்கொண்டாள், கண்ணில் நீர் வந்தது. வெளியே வானத்து மேகம் நகர்ந்து வெயில் அவள் முகத்தில் நேராக விழுந்தது. கேமரா அதன் பெட்டிக்குள் இருந்தது. அவன் வெறும் கண்ணால் பார்த்தான். சிரிக்கும்போது அவள் தோள் குலுங்கவே இல்லை.

அப்படியானால் அன்றைக்குத் தோள் குலுங்கியது சிரிப்பு இல்லை.

நூறு தடவை பார்த்திருக்கிறான். முந்தின நாள் இருநூறு பேருக்குக் காட்டியுமிருக்கிறான்.

“அன்னிக்கு நீ அழுதியா?” என்றான்.

“முகம் போதும்னீங்களே” என்றாள். குரலில் கோபம் இல்லை. பரிசோதனை நிலையத்தில், சத்தம் கேட்காதவர்களிடம் அடுத்த பொத்தானை அழுத்துவதற்குமுன் பேசும் குரல்.

பெரிய பெட்டியை அவன் தூக்கிக்கொண்டான். மூன்று மாடி. இரண்டாம் மாடியில் மூச்சு வாங்கியது. அவள் முன்னால் இறங்கிக்கொண்டிருந்தாள். திரும்பிப் பார்க்கவில்லை, ஆனால் படியில் நின்று அவன் வந்து சேரும்வரை காத்திருந்துதான் அடுத்த படிகளில் இறங்கினாள்.

காரின் பின்கதவைத் திறந்து வைத்துக்கொண்டு மாமனார் உட்கார்ந்திருந்தார். பெட்டியோடு வந்த மாப்பிள்ளையைக் குணமான கண்ணால் மேலும் கீழும் பார்த்தார்.

“ரெண்டு டிக்கெட்தான் போட்டிருக்கேன் மாப்பிள்ளை” என்றார்.

“தெரியும் மாமா” என்று சொல்லிப் பெட்டியை உள்ளே வைத்தான்.